எனக்குக் கேட்கத்தான் தெரியும்!

போன இதழில் ஓரமாக ஒரு சின்னக் கட்டம் போட்டிருந்தோம். "அடுத்த முறை முழுக்க சினிமா வசனம், கேள்விகளை அனுப்புங்கள்" என்று. கொட்டித் தீர்த்துவிட்டீர்கள். பாதிப் பேர் கேள்வியே கேட்கவில்லை, பிடித்த வசனத்தை முழு நீளத்துக்கு எழுதி, மரியாதைக்குக் கடைசியில் ஒரு கேள்விக்குறி மட்டும் வைத்திருக்கிறார்கள். 'திருவிளையாடல்' தருமி "எனக்குக் கேட்கத்தான் தெரியும்" என்று தப்பித்துக்கொண்டார். எனக்கு அந்த வழியும் இல்லை. சரி, ஆரம்பிப்போம்.

கே: எழுதியவர் ஒருத்தர், பேசியவர் ஒருத்தர். ஆனால் நாம் 'ரஜினி டயலாக்', 'சிவாஜி வசனம்' என்றுதான் சொல்கிறோம். எழுதியவருக்கு இது அநியாயம் இல்லையா?

அநியாயம்தான். ஆனால் முழு அநியாயம் என்று சொல்ல வாய் வரவில்லை.

'பாட்ஷா'வில் வருகிற "நான் ஒரு தடவை சொன்னா நூறு தடவை சொன்ன மாதிரி" எல்லோருக்கும் தெரியும். 'நாயகன்' கடைசியில் பேரன் "நீங்க நல்லவரா, கெட்டவரா?" என்று கேட்க, வேலு நாயக்கர் "தெரியலையே" என்பதும் தெரியும். ரெண்டு படத்துக்கும் வசனம் பாலகுமாரன் என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? 1987-ல் ஒன்று, 1995-ல் ஒன்று. ஒருத்தன் தன்னைப் பற்றித் துளி சந்தேகம் இல்லாமல் பேசுகிறான், இன்னொருத்தனுக்குத் தன்னைப் பற்றி ஒன்றுமே நிச்சயமில்லை. இப்படி எதிரெதிர் ஆசாமிகள் ரெண்டு பேருக்கும் ஒரே ஆள் எழுதியிருக்கிறார் என்பதற்காகவாவது அந்தப் பெயரை ஒரு தடவை சத்தமாகச் சொல்லலாம்.

இப்போது மறுபக்கம். '16 வயதினிலே'யில் பரட்டை சொல்வானே, "இது எப்படி இருக்கு?" வசனம் பி. கலைமணி. பேப்பரில் பார்த்தால் மூன்று சொல், புதுச் சட்டை போட்டவன் நண்பனிடம் கேட்கிற சாதாரணக் கேள்வி. அதை ஒரு சிரிப்போடு, எதிரில் இருப்பவன் பதில் சொல்ல இடமே கொடுக்காமல் ரஜினி கேட்டதால்தான் அது வசனமானது. அதே படத்தில் கவுண்டமணி சொல்கிற "பத்த வச்சிட்டியே பரட்டை"யும் அப்படித்தான். அந்த இழுவையை எந்த ஸ்கிரிப்ட் பேப்பரிலும் எழுத முடியாது.

கே: 'பராசக்தி' நீதிமன்ற வசனத்தை என் அப்பா இன்றைக்கும் ஒரு வரி பிசகாமல் சொல்வார். நான் போன மாதம் பார்த்த படத்தில் ஒரு வசனம்கூட நினைவில் இல்லை. அந்தக் காலத்து ஞாபகசக்தியா, அந்தக் காலத்து எழுத்தா?

அப்பாவின் ஞாபகசக்திக்கு வணக்கம். ஆனால் பாதி வேலையை எழுத்தே செய்துவிடுகிறது.

"நீதிமன்றம் விசித்திரம் நிறைந்த பல வழக்குகளைச் சந்தித்திருக்கிறது, புதுமையான பல மனிதர்களைக் கண்டிருக்கிறது." இதைக் கேட்ட காது அடுத்து வருகிற வரிக்குத் தானே தயாராகிவிடும். அந்த 'விசித்திர'மும் அந்தப் 'புதுமை'யும் திரும்பி வந்தே ஆகவேண்டும், வருகின்றன: வழக்கு விசித்திரமும் அல்ல, வழக்காடுகிறவன் புதுமையானவனும் அல்ல. ரெண்டு ஆணி அடித்துவிட்டு அதே ரெண்டிலும் சட்டையை மாட்டுகிற மாதிரி. அப்புறம் "கோயில் கூடாது என்பதற்காக அல்ல" என்று பாதியில் நிறுத்தினால் மீதி பாதியை அரங்கமே முடிக்கும். "ஓடினாள், ஓடினாள்" என்று ஆரம்பித்துப் பாருங்கள், யாராவது "வாழ்க்கையின் ஓரத்திற்கே ஓடினாள்" என்று முடிக்காமல் விடுகிறார்களா? செய்யுள் மனப்பாடம் ஆவது எப்படியோ அப்படித்தான் இதுவும், எதுகை மோனை கைப்பிடியாக இருக்கிறது. மு. கருணாநிதி மேடைப் பேச்சிலிருந்து வந்தவர், சிவாஜி நாடக மேடையிலிருந்து வந்தவர், 1952-ல் இந்த ரெண்டும் ஒரே இடத்தில் வந்து மோதியது. சிவாஜிக்கு அது முதல் படம் என்பதை யோசித்தால் இன்றைக்கும் கொஞ்சம் பயமாகத்தான் இருக்கிறது.

அப்புறம் கேட்ட எண்ணிக்கை. அந்தக் காலத்தில் ஒரு படத்தைத் தியேட்டரில் பார்த்த தடவையை விடக் காதால் கேட்ட தடவைதான் அதிகம். கதை வசனம் இசைத்தட்டாக வந்தது, விசேஷ வீட்டு ஒலிபெருக்கியில் ஓடியது, வானொலியில் ஒலிச்சித்திரம் போட்டார்கள். நான் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' படத்தைப் பார்ப்பதற்கு முன்பே அதன் வசனம் எனக்குத் தெரியும். ஜாக்சன் துரையின் முகம் எப்படி இருக்கும் என்று நானே ஒன்று வைத்திருந்தேன், படத்தில் வேறு முகம் வந்ததும் ஏமாற்றமாகிவிட்டது. (வசனம் சக்தி டி.கே. கிருஷ்ணசாமி. இந்தப் பெயரும் சிவாஜியின் கர்ஜனைக்குள் காணாமல் போன பெயர்.)

கே: வசனத்துக்காகப் படம் ஓடும் பழக்கம் அண்ணா, கலைஞர் காலத்தில்தான் தொடங்கியதா?

அதற்கும் முன்னால் இளங்கோவன். 'மணிக்கொடி' இலக்கியப் பத்திரிகை பக்கமிருந்து வந்தவர். 'அம்பிகாபதி' (1937), 'கண்ணகி' (1942) ரெண்டும் அவர் வசனம். பாட்டுக்கு நடுவே இட்டு நிரப்புகிற பேச்சாக இருந்ததை, இதற்காகவே டிக்கெட் வாங்கலாம் என்று ஆக்கியவர்.

இதில் எனக்குப் பிடித்த வேடிக்கை என்னவென்றால், தமிழ் வசனத்துக்குப் பேர்போன 'அம்பிகாபதி'யை இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கன் அமெரிக்கர், தமிழ் தெரியாது. கருணாநிதி வசனம் எழுதிய 'மந்திரி குமாரி'யிலும் (1950) இயக்குநர் அவர்தான், கூட டி.ஆர். சுந்தரம். அர்த்தம் புரியாமல் கேட்கிறவருக்கு வசனத்தின் தாளம் இன்னும் நன்றாகக் கேட்குமோ என்னவோ.

கே: "கத்தியைத் தீட்டாதே, புத்தியைத் தீட்டு" பழமொழியா, சினிமா வசனமா? பட்டிமன்றத்தில் ஒருவர் பழமொழி என்றார்.

'வேலைக்காரி', 1949, அண்ணா. "சட்டம் ஓர் இருட்டறை"யும் அங்கேயிருந்து வந்ததுதான். ஆனால் அந்தப் பட்டிமன்றப் பேச்சாளரைத் திட்டாதீர்கள். எழுதியவர் பெயர் கழன்று விழுந்து ஒரு வரி ஊர்ச் சொத்தாகிவிட்டால், அதைவிடப் பெரிய விருது வசனகர்த்தாவுக்குக் கிடையாது. பணம் மட்டும் வராது.

கே: "என்ன கொடுமை சரவணன் இது" என்கிறேன் நான். "என்ன கொடுமை சார் இது" என்கிறான் என் மகன். யார் சொல்வது சரி? பந்தயம் கட்டியிருக்கிறோம்.

ரெண்டு பேருமே ஜெயித்தீர்கள். 'சந்திரமுகி'யில் (2005) பிரபு ரஜினியிடம் சொன்னது "சரவணன்". அதை ரெண்டே வருஷத்தில் 'சென்னை 600028'-ல் பிரேம்ஜி "சார்" ஆக்கினார். பிரபு நிஜமாகவே நொந்துபோய்ச் சொன்னதை இவர் கிண்டலுக்கு எடுத்துக்கொண்டார், ஊர் கிண்டலைத்தான் வைத்துக்கொண்டது. காரணம் எளிது. சரவணன் என்கிற பேரில் நமக்கெல்லாம் ஒரு நண்பன் இருக்க மாட்டான், 'சார்' எல்லோருக்கும் இருக்கிறார்.

கே: என் கணவர் எதற்கெடுத்தாலும் வடிவேலு வசனத்தில்தான் பதில் சொல்கிறார். நேற்று அலமாரியைச் சரிசெய்யச் சொன்னால் "ஆணியே புடுங்க வேணாம்" என்கிறார். என்ன செய்வது?

அந்த வசனம் வேலை செய்யாதவன் சொல்வதில்லை, வேலை செய்கிறவனைப் பார்த்து காண்ட்ராக்டர் சொல்வது என்று அவருக்கு எடுத்துச் சொல்லுங்கள். சுத்தியலை அவர் கையில் கொடுத்துவிட்டு அதே வசனத்தை நீங்கள் சொல்லலாம்.

இருந்தாலும் அவரை முழுக்கக் குறை சொல்ல மாட்டேன். அந்த வசனம் வருகிற, வடிவேலு காண்ட்ராக்டர் நேசமணியாக நடித்த 'ப்ரண்ட்ஸ்' வந்தது 2001-ல். 2019 மே மாதம், அயல்நாட்டு முகநூல் பக்கம் ஒன்றில் சுத்தியல் படத்தைப் போட்டு உங்கள் நாட்டில் இதற்கு என்ன பேர் என்று கேட்க, நம்ம ஆள் ஒருத்தர் பேரைச் சொன்னதோடு நிற்காமல், இது தலையில் விழுந்துதான் காண்ட்ராக்டர் நேசமணிக்கு அடிபட்டது என்று சேர்த்து எழுத, ஒரு நாளுக்குள் உலகம் முழுக்க நேசமணிக்காகப் பிரார்த்தனை நடந்தது. பதினெட்டு வருஷத்துக்கு முந்தைய ஒரு காமெடிக் காட்சிக்கு! உங்கள் கணவர் ஒரு பெரிய கூட்டத்தின் உறுப்பினர், அவ்வளவுதான்.

கே: அப்படியானால் இந்தக் காமெடி வசனங்களை எழுதியது யார்? வடிவேலு, கவுண்டமணியெல்லாம் ஸ்பாட்டிலேயே பேசிவிடுவார்களாமே?

இதைப் பொத்தாம்பொதுவாகச் சொல்ல முடியாது. நம்மூரில் காமெடி ட்ராக் என்று தனியாகவே ஒரு தொழில் இருந்தது. படத்துக்கு ஒருத்தர் வசனம் எழுதுவார், காமெடியை வேறொருத்தர் எழுதுவார், டைட்டிலில் கண்ணை இமைத்தால் அந்தப் பேர் போய்விடும். ஏ. வீரப்பன் அப்படி ஒருத்தர், கவுண்டமணி–செந்திலுக்கு நிறைய எழுதியவர். 'கரகாட்டக்கார'னின் (1989) வாழைப்பழமும் அவருடையதே.

அதைக் கொஞ்சம் பிரித்துப் பாருங்கள். ரெண்டு பழம் வாங்கச் செந்திலிடம் கவுண்டமணி காசு கொடுத்தார், ஒன்றுதான் வந்திருக்கிறது. ஒன்று இங்கே இருக்கு, அந்த இன்னொன்று எங்கே என்று கேள்வி. "அந்த இன்னொண்ணுதாண்ணே இது" என்று பதில். செந்தில் இதில் ஒரு பொய்கூடச் சொல்லவில்லை! ஒன்றைத் தின்றாகிவிட்டது, மிச்சமிருப்பது இன்னொன்று, கேட்டதற்குக் கொடுத்த பதில் கணக்குப்படி சுத்தம். எத்தனை தடவை சுற்றிவந்து கேட்டாலும் அதே பதில்தான் வரும், கேட்கிறவருக்குத்தான் மண்டை காயும். அந்த 'ண்ணே'யில் இருக்கிற பவ்யம்தான் எரிகிற நெருப்பில் எண்ணெய். இதை ஸ்பாட்டில் யாரோ சும்மா உளறி வந்தது என்றால் நான் நம்ப மாட்டேன், யாரோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள்.

ஆனால் ஸ்பாட்டிலும் விளையும். 'திருவிளையாட'லில் தருமி மண்டபத்தில் தனியாகப் புலம்புவதில் பெரும்பகுதி நாகேஷ் சேர்த்தது என்று பரவலாகச் சொல்லப்படுகிறது. பார்த்தாலே தெரியும். "பிரிக்க முடியாதது என்னவோ?" "தமிழும் சுவையும்" என்று போகிற பகுதி ஏ.பி. நாகராஜன் செதுக்கியது, ஒரு எழுத்து நகராது. புலம்பலோ ஒரு ஆள் தன்னோடு பேசிக்கொள்வது, தடுக்கி விழுந்து எழுந்து போகிறது. ரெண்டும் ஒரே படத்தில் சண்டையில்லாமல் இருக்கிறது பாருங்கள், அதுதான் அழகு.

மூன்றாவதாக ஒரு இடம் உண்டு, டப்பிங் தியேட்டர். நடிகர் முகத்தைத் திருப்பிக்கொண்டு போகிற ஷாட்டில் உதடு தெரியாது, அங்கே எதையும் செருகலாம். காட்சி முடிந்து ஆள் நடந்து போகும்போது முணுமுணுப்பாக ஒன்று வருமே, அதற்கு நீங்கள் சிரித்திருந்தால் அது ஷூட்டிங்கில் இல்லாமலே இருந்திருக்கலாம்.

கிரேஸி மோகன் இதில் எந்த வகை என்று மூன்று பேர் கேட்டிருக்கிறீர்கள். அவர் எழுத்து, எழுத்து, எழுத்து. 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் ஒரு ஜோக்குக்குச் சிரித்து முடிப்பதற்குள் அடுத்த ரெண்டு போய்விடும், நாலாவது தடவை பார்க்கும்போதுதான் கிடைக்கும்.

கே: பஞ்ச் டயலாக் உங்களுக்குப் பிடிக்குமா, பிடிக்காதா? ஒரே வார்த்தையில் பதில்.

எப்போதாவது.

கே: ஹாலிவுட் படங்களின் புகழ்பெற்ற வசனங்களையும் இப்படித்தான் மாற்றிச் சொல்கிறார்களா, இல்லை நமக்கு மட்டும்தான் இந்த வியாதியா?

உலக வியாதி. 'காசபிளாங்கா'வில் (1942) பியானோக்காரரைப் பார்த்து "ப்ளே இட் அகெய்ன், சாம்" என்று சொல்வதாக எல்லோரும் சொல்கிறார்கள், படத்தில் அப்படி ஒரு வரியே இல்லை, "ப்ளே இட், சாம்"தான். 'ஸ்டார் வார்ஸ்' வரிசையில் 1980-ல் வந்த படத்தில் வில்லன் டார்த் வேடர் நாயகன் லூக்கிடம் "லூக், ஐ ஆம் யுவர் ஃபாதர்" என்று சொல்வதாகத்தான் நினைக்கிறோம். நிஜத்தில் "நோ, ஐ ஆம் யுவர் ஃபாதர்". மாற்றியதிலும் நியாயம் இருக்கிறது. வெளியே எடுத்துச் சொல்லும்போது வெறும் 'நோ' என்றால் எந்தப் படம் என்று யாருக்கும் புரியாது, 'லூக்' என்றால் புரியும். ஊருக்கு வெளியே போகிறவன் சட்டைப்பையில் விலாசம் வைத்துக்கொள்கிற மாதிரி.

அந்தக் காட்சியின் பின்கதை இன்னும் ருசி. முகமூடிக்குள் நின்று நடித்தவர் டேவிட் ப்ரௌஸ், குரல் ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸ். ரகசியம் வெளியே போய்விடும் என்று பயந்து, ப்ரௌஸிடம் வேறு வசனத்தைக் கொடுத்துவிட்டார்கள், "உன் அப்பாவைக் கொன்றது ஓபி-வான்" என்கிற மாதிரி. அவரும் அதையே பேசி நடித்தார். நிஜ வசனம் பிறகு ஒலிப்பதிவில் வந்து ஏறியது. முகமூடி என்பதால் லிப் சிங்க் தொல்லை கிடையாது. திரைப்பட வரலாற்றின் பெரிய வசனங்களில் ஒன்றைச் 'சொன்ன' உடம்புக்கே தான் அதைச் சொல்கிறோம் என்று தெரியாது! முதல் கேள்வி கேட்டவர் கவனிக்க: இங்கே எழுதியவர், நின்றவர், பேசியவர் எல்லாம் தனித்தனி ஆள்.

கே: நான் இதுவரை நானூறு பஞ்ச் வசனங்கள் எழுதி வைத்திருக்கிறேன். சினிமாவில் வசனகர்த்தா ஆக வேண்டும். யாரைப் பார்ப்பது?

தம்பி, முதலில் அந்த நோட்டை ஒரு ஓரமாக வையுங்கள். கோபப்படாதீர்கள்.

உங்கள் நோட்டில் "தெரியலையே" என்று ஒரு வரி இருக்கிறதா? இருக்காது. யாரும் அதை எழுதி வைக்க மாட்டார்கள், அதில் ஒன்றுமே இல்லை. ரெண்டரை மணி நேரம் ஒருத்தன் எடுத்த முடிவுகளையெல்லாம் பார்த்துவிட்டு, அவனுடைய பேரனே அப்படிக் கேட்ட பிறகுதான் அந்த ஒரு சொல்லுக்குக் கனம் வருகிறது. 'மௌன ராக'த்தில் (1986) கார்த்திக் "மிஸ்டர் சந்திரமௌலி" என்று கூப்பிடுவதைத் தமிழ்நாடே சொல்லித் திரிந்தது, அது வசனமே இல்லை, ஒரு பேர். காதலியின் அப்பாவைப் பேர் சொல்லிக் கூப்பிடுகிற திமிரும் அந்தப் பெண்ணின் பதற்றமும்தான் அங்கே வேலை செய்கிறது. ஆகவே எழுத வேண்டியது வசனத்தை அல்ல, அது விழப்போகிற இடத்தை.

எனக்கும் ஒரு காலத்தில் இந்த ஆசை இருந்தது. ஒரு படத்தின் கதை விவாதத்தில் மூன்று நாள் உட்கார்ந்தேன் (படம் வரவில்லை, அதனால் பேரும் வேண்டாம்). அண்ணன் தம்பியைப் பார்த்து வீட்டைவிட்டுப் போ என்று சொல்கிற காட்சிக்கு ஒன்றரைப் பக்கம் எழுதி, ராத்திரி முழுக்கச் செதுக்கிக் கொண்டுபோய்க் கொடுத்தேன். இயக்குநர் பொறுமையாகப் படித்தார், பாராட்டினார், அப்புறம் பேனாவை எடுத்து மேலிருந்து கீழே ஒரே கோடு. "தம்பி செருப்பை அண்ணன் எடுத்து வாசலுக்கு வெளியே வைக்கிறான், போதும்" என்றார். அன்றைக்கு வந்த கோபம் இப்போது இல்லை.

யாரைப் பார்ப்பது என்று கேட்டீர்கள். இளங்கோவன் பத்திரிகையிலிருந்து வந்தார், பாலகுமாரனும் சுஜாதாவும் கதை, நாவலிலிருந்து, மோகன் நாடகத்திலிருந்து. நேராக வசனத்துக்கென்று கதவைத் தட்டி வந்தவர்கள் குறைவு. கதை எழுதுங்கள், குறும்படத்துக்கு எழுதுங்கள், எழுதியதை வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். மூச்சு முட்டுகிற இடத்தில் நடிகருக்கும் முட்டும். சுஜாதாவின் 'திரைக்கதை எழுதுவது எப்படி?' கிடைத்தால் படியுங்கள், மெல்லிசான புத்தகம்தான்.

கே: வசனமே இல்லாமல் மனதில் நிற்கிற 'வசனக் காட்சி' ஏதாவது உண்டா?

இந்தக் கேள்வி கேட்டவருக்குத் தனி வணக்கம். 'காதலிக்க நேரமில்லை' (1964), நாகேஷ் பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்கிற காட்சி. வசனம் சித்ராலயா கோபு, பேசுவது முழுக்க நாகேஷ். ஆனால் நாம் பார்த்துக்கொண்டிருப்பது பாலையாவை. மனுஷன் பேசுவதே அபூர்வம், கேட்டுக்கொண்டிருக்கிறார், கண் விரிகிறது, உடம்பு ஒடுங்குகிறது. பேசுகிறவனுக்கு எழுதுவது ஒரு வித்தை என்றால், கேட்கிறவனுக்கு இடம் விட்டு எழுதுவது அதைவிடப் பெரிய வித்தை.

கே: சுற்றி வளைக்காமல் சொல்லுங்கள், உங்களுக்குப் பிடித்த ஒரே ஒரு வசனம்?

'முள்ளும் மலரும்', 1978. விஞ்ச் ஆபரேட்டர் காளிக்கு (ரஜினி) ஒரு கை போய்விட்டது, கூடவே வேலையும். எதிரில் நிற்பது அவனை வேலையைவிட்டு எடுத்த இன்ஜினியர். அவரிடம் சொல்கிறான்: ரெண்டு கையும் ரெண்டு காலும் போனாலும் "காளிங்கறவன் பொழச்சுக்குவான் சார், கெட்ட பய சார் அவன்."

'நான்' என்ற சொல்லே அதில் இல்லை. தன்னைப் பற்றியே யாரோ மூன்றாம் மனுஷனைப் பற்றிச் சொல்கிற மாதிரி 'அவன்' என்கிறான். அப்படித் தள்ளி நின்று சொன்னால்தான் அழாமல் சொல்ல முடியும் போலிருக்கிறது. ரெண்டு தடவை 'சார்' வருகிறது, அதில் மரியாதை எவ்வளவு, குத்தல் எவ்வளவு என்று இத்தனை வருஷமாகியும் எனக்குப் பிடிபடவில்லை. 'கெட்ட பய' என்று அவனே சொல்லிக்கொள்வதால் அவனைத் திட்ட நமக்கு ஒன்றும் மிச்சமில்லை.

எழுதி இயக்கிய மகேந்திரனுக்கு வசனம் பேசித் தள்ளுகிற சினிமாவே பிடிக்காது. அதற்கு முன்னால் 'தங்கப்பதக்கம்' மாதிரி வசனம் கொட்டுகிற படத்துக்கு எழுதியவரும் அவரேதான் என்பது வேறு கதை. 'முள்ளும் மலரும்' முடிந்து பார்த்த தயாரிப்பாளர், படத்தில் வசனமே இல்லையே என்று தலையில் கை வைத்துக்கொண்டதாக மகேந்திரன் பிறகு சொல்லியிருக்கிறார். அந்த 'வசனமே இல்லாத' படத்திலிருந்துதான் நாற்பது வருஷத்துக்கு மேலாக "கெட்ட பய சார்" என்று ஊரே சொல்லிக்கொண்டிருக்கிறது.